விளையாட்டுக்குள் விளையாட்டு: 'மினிகேம்' என்ற சொல்லுக்குள் இருப்பது என்ன?

கிரிக்கெட் போட்டி தொடங்குவதற்கு முன் நடக்கும் நாணயச் சுழற்சியைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். ஒரு தலைவர் நாணயத்தைச் சுண்டுகிறார். மற்றவர் தலையா, பூவா என்று சொல்கிறார். உலகின் தலைசிறந்த துடுப்பாட்ட வீரருக்கும், வாழ்நாளில் துடுப்பையே தொட்டறியாத ஒருவருக்கும் அந்த இடத்தில் வெற்றி வாய்ப்பு ஒன்றுதான். முழுக்க முழுக்கத் திறமையை நம்பி நடக்கும் ஒரு பெரிய விளையாட்டின் வாசலிலே, முழுக்க முழுக்க அதிர்ஷ்டத்தை நம்பிய ஒரு சின்னஞ்சிறு விளையாட்டு நடந்து முடிந்துவிடுகிறது. ஆனாலும் அதை ஒரு தனி விளையாட்டென்று நாம் எவரும் கணக்கில் எடுப்பதில்லை.

2019ஆம் ஆண்டு உலகக் கிண்ண இறுதிப் போட்டி உங்களுக்கு நினைவிருக்கும். இங்கிலாந்தும் நியூசிலாந்தும் தலா 241 ஓட்டங்கள் பெற்றன. வெற்றியைத் தீர்மானிக்க ஆளுக்கு ஆறு பந்துகள் கொண்ட 'சுப்பர் ஓவர்' நடத்தினார்கள். அதிலும் இரு அணிகளும் தலா 15 ஓட்டங்களே. கடைசியில், அதிக பவுண்டரிகள் அடித்த அணி என்ற கணக்கில் இங்கிலாந்து கிண்ணத்தை எடுத்துச் சென்றது. நூறு ஓவர்கள் கொண்ட ஆட்டத்தின் முடிவு இரண்டே ஓவர்கள் கொண்ட குட்டி ஆட்டத்திடம் போய்ச் சேர்ந்தது. அன்று உலகமே கேட்ட கேள்வி, 'இது அதே விளையாட்டா, வேறொரு விளையாட்டா?' என்பதுதான்.

அந்தக் கேள்வியை உங்கள் வீட்டுப் பிள்ளையின் கையிலிருக்கும் தொலைபேசிக்குக் கொண்டு போவோம். அங்கே இதற்கு ஒரு பெயர் இருக்கிறது: 'மினிகேம்'. ஒரு பெரிய வீடியோ கேமுக்குள்ளே, அதன் நடுவில் வந்து போகும் சிறிய கேம் என்பது இதன் பொருள். கதாநாயகன் கோட்டையைப் பிடிக்கப் போகிறான். வழியில் ஒரு குளம். அங்கே தூண்டில் போட்டு மீன் பிடிக்கலாம். அந்த மீன் பிடித்தல் ஒரு மினிகேம். கார்ப் பந்தயத்தில் ஓடிக் களைத்தவர் இடையில் ஒரு சக்கரத்தைச் சுழற்றிப் பரிசு பெறுகிறார். அதுவும் ஒரு மினிகேம்.

தமிழில் இதற்கு இன்னும் நிலையான சொல் அமையவில்லை. 'உள்விளையாட்டு' என்று எழுதலாம்தான். ஆனால் 'உள்ளக விளையாட்டு' என்றதும் நமக்கெல்லாம் கரமும் மேசைப்பந்தும் பட்மின்டனுமே ஞாபகத்துக்கு வரும். இரண்டும் மயங்கிப் போகும். 'சிறு விளையாட்டு' என்றால் சிறுவர் விளையாட்டு என்று எடுத்துக்கொள்வார்கள். ஆகவே பிள்ளைகளின் வாயில் வழங்கும் சொல்லையே இங்கே பாவிக்கிறேன். அவர்களோடு பேசப் போகிறவர்கள் நீங்கள்தானே!

இந்தச் சொல்லோடு நெருங்கிய உறவுக்காரச் சொற்களும் சில உண்டு. 'சப்கேம்' என்றும் சிலர் சொல்வார்கள். ஆனால் பொருளியல் அறிஞர்களிடம் அச்சொல்லுக்கு வேறொரு கறாரான பொருள் உண்டு. ஜேர்மனியைச் சேர்ந்த ரைன்ஹார்ட் செல்டன் 1965இல் இக்கருத்தை வைத்துத்தான் தமது புகழ்பெற்ற ஆய்வைச் செய்தார். 1994இல் அவருக்கும் ஜோன் நாஷ், ஜோன் ஹர்சானி ஆகியோருக்கும் சேர்த்துப் பொருளியலுக்கான நோபல் பரிசு கிடைத்தது. ஒரு விளையாட்டின் ஏதோ ஒரு கட்டத்திலிருந்து எஞ்சிய பகுதியைக் கத்தரித்து எடுத்தால், அது தனியே ஒரு முழு விளையாட்டாக நிற்க வேண்டும். அப்படி நின்றால்தான் அது சப்கேம். இந்த 'தனியே நிற்குமா?' என்ற கேள்வியை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். நீதிமன்றப் படியேறிய கேள்வி அது. அங்கே பின்னர் வருவோம். 'மெட்டாகேம்' என்பது இதற்கு நேர் மாறானது. விளையாட்டுக்கு வெளியே நின்று, எதிரணி யாரை இறக்கும், நாம் யாரை இறக்கலாம் என்று போடும் கணக்குக்கு அந்தப் பெயர். மாணவர்கள் இரண்டையும் போட்டுக் குழப்புவதைக் கண்டிருக்கிறேன்.

சொல் இப்போது இன்னும் கொஞ்சம் நகர்ந்திருக்கிறது. சீனாவின் வீசாட் என்ற செய்திப் பரிமாற்றச் செயலிக்குள் 2017 டிசம்பரில் குட்டிக் குட்டி விளையாட்டுகளைச் சேர்த்து, அவற்றுக்கும் மினிகேம் என்றே பெயர் வைத்தார்கள். அங்கே வெளியே இருப்பது விளையாட்டே அல்ல, அரட்டைச் செயலி. ஆக, எதற்குள்ளாவது அடங்கி இருந்தால் போதும், மினிகேம் என்றாகிவிட்டது.

உண்மையில் 'மினி' என்ற அடைமொழிதான் ஆளை ஏமாற்றுகிறது. அது அளவை மட்டும் சொல்கிறது. முக்கியமானது அது எங்கே இருக்கிறது என்பதல்லவா? 2015இல் வெளிவந்த 'விட்சர் 3' என்ற, வளர்ந்தவர்களுக்கான கேமில், வளர்ப்பு மகளைத் தேடிப் புறப்படும் வீரன் ஒருவன் வருகிறான். வழியில் உள்ள ஊர்களில் 'குவெண்ட்' என்ற சீட்டு விளையாட்டை ஆடலாம். மகளைத் தேடுவதை மறந்துவிட்டு ஊர் ஊராகச் சீட்டுக்கு ஆள் தேடியவர்கள் ஏராளம்! கடைசியில் அந்தச் சீட்டு விளையாட்டை நிறுவனம் தனியாகவே வெளியிட்டது. 2018இல் அது முழுமையான ஒரு கேமாகச் சந்தைக்கு வந்தது. குழந்தை வளர்ந்து தனி வீடு கட்டிக்கொண்டது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஆரம்பத்தில் இவை கேடற்ற உபசாரங்களாகவே இருந்தன. 1988இல் ஜப்பானில் வெளிவந்த மூன்றாவது 'சுப்பர் மரியோ பிரதர்ஸ்' கேமில், ஓட்டத்துக்கும் குதிப்புக்கும் இடையே, கவிழ்த்து வைத்த சீட்டுகளில் ஒரே மாதிரிப் படங்களைத் தேடிச் சேர்க்கும் ஆட்டம் வரும். நம் வீடுகளிலும் பிள்ளைகளுக்கு நினைவாற்றலை வளர்க்க இதைத்தானே விளையாடக் கொடுக்கிறோம்? 1994 டிசம்பரில் வந்த 'ரிட்ஜ் ரேசர்' இன்னும் சுவாரசியமானது. அக்காலத்தில் இறுவட்டைப் போட்டால் கேம் ஏறி முடியும்வரை திரையைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க வேண்டும். நம்கோ நிறுவனம் அந்த இடைவெளியில் 'கலக்சியன்' என்ற பழைய விண்வெளி விளையாட்டை ஆட விட்டது. எதிரிகள் அனைவரையும் சுட்டு வீழ்த்தினால் பந்தயத்துக்கு மேலதிகக் கார்களும் கிடைத்தன. காத்திருக்கும் நேரத்தில் சின்ன விளையாட்டு என்ற இந்த யோசனைக்கு நம்கோ 1998இல் அமெரிக்காவில் காப்புரிமையும் பெற்றது. அந்தக் காப்புரிமைப் பத்திரத்தில் அதற்குத் 'துணை விளையாட்டு' என்று பொருள்படும் ஒரு பெயரே இருக்கிறது. அது காலாவதியான 2015 வரை மற்றவர்கள் இம்முறையைத் தொடத் தயங்கினார்கள். ஒரு தலைமுறைப் பிள்ளைகள் திரையில் ஓடும் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

பிறகு ஒரு கட்டம் வந்தது. உள்ளே இருந்த சின்ன விளையாட்டுகளே பெரிய விளையாட்டாகின. 1998 டிசம்பரில் வெளியான 'மரியோ பார்ட்டி' இதற்கு முன்னோடி. தாயக்கட்டை உருட்டிக் காய் நகர்த்துவது போன்ற ஒரு பலகை. ஒவ்வொரு சுற்றும் முடிய நான்கு பேரும் சேர்ந்து ஒரு மினிகேம். அப்படி ஐம்பதுக்கும் மேற்பட்டவை. 2003இல் வந்த 'வாரியோவெயார்' இதையும் தாண்டியது. ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஐந்து வினாடிகள். அப்படி இருநூறுக்கும் அதிகமானவை. அவற்றுக்கு 'மைக்ரோகேம்' என்று பெயர்.

மரியோ பார்ட்டியில் நடந்த ஒன்றைப் பெற்றோராகிய நீங்கள் அறிந்திருப்பது நல்லது. அதிலே சில மினிகேம்களில் வெல்ல வேண்டுமானால், கைப்பிடியில் உள்ள சிறு கோலை எவ்வளவு வேகமாக முடியுமோ அவ்வளவு வேகமாகச் சுழற்ற வேண்டும். பெருவிரல் போதாதென்று பிள்ளைகள் உள்ளங்கையை வைத்து அரைத்தார்கள். கை கொப்பளித்தது, தோல் உரிந்தது. பெற்றோர் முறையிட்டார்கள். நியூயோர்க் மாநிலச் சட்டமா அதிபர் அலுவலகம் தலையிட்டது. 2000 மார்ச்சில் நின்டெண்டோ நிறுவனம் உடன்பாட்டுக்கு வந்தது: அந்த கேமை வைத்திருக்கும் அமெரிக்க வீடுகளுக்குக் கேட்டால் நான்கு பாதுகாப்புக் கையுறைகள் வரை இலவசம். எல்லோரும் கேட்டிருந்தால் செலவு 8 கோடி டொலர் வரை போயிருக்கும் என்று அப்போது கணக்கிட்டார்கள். பெட்டியின் வெளியே பார்த்தால் அது சாதுவான பலகை விளையாட்டு. காயம் உள்ளே இருந்த ஒரு நிமிட ஆட்டத்தில் இருந்தது.

கொப்பளித்த கை கண்ணுக்குத் தெரியும், பெற்றார் முறையிடுவார்கள். கண்ணுக்குத் தெரியாத ஒன்றுக்கு என்ன செய்வது?

'பொக்கிமோன்' பெயரைக் கேள்விப்படாத வீடு குறைவு. 1996இல் ஜப்பானில் வந்த அதன் முதல் கேம்களில் ஒரு நகரத்தில் சூதாட்டக் கூடம் இருந்தது. நெம்புகோலை இழுத்துப் படங்களைச் சேர்க்கும் இயந்திரங்கள் அங்கே வரிசையாக நிற்கும். வென்ற நாணயங்களைக் கொடுத்து அரிய பொக்கிமோன்களை வாங்கலாம். உண்மைப் பணம் ஒரு சதமும் இல்லை. ஆனாலும், சூதாட்ட இயந்திரம் எப்படி இயங்கும், அதில் தோற்றவர் ஏன் மறுபடியும் இழுக்கிறார் என்பதைப் பத்து வயதுப் பிள்ளைக்குச் செய்முறையாகக் கற்றுக் கொடுத்தது. ஐரோப்பாவில் விமர்சனம் எழுந்தது. 2009இல் அங்கு வெளியான பதிப்பில் அந்த இயந்திரங்களைத் தொட்டாலும் இயங்காதபடி செய்தார்கள். 2010இல் வெளிநாடுகளுக்கு வந்த பதிப்புகளில் அவற்றைத் தூக்கிவிட்டு, எண்களைக் கணித்துச் சீட்டுகளைப் புரட்டும் வேறொரு மினிகேமை வைத்தார்கள். இன்று ஐரோப்பிய வயதுக் குறியீட்டு அமைப்பான பெகி, சூதாட்டத்தைக் கற்பிக்கும் புதிய கேம்களுக்கு 18 வயது முத்திரை இடுகிறது. அவுஸ்திரேலியாவும் 2024 செப்டம்பர் 22 முதல், சூதாட்டத்தைப் பாவனை செய்யும் கேம்களை 18 வயதுக்கு மேற்பட்டோருக்கு மட்டும் என்று வகுத்துவிட்டது.

இதற்கு நேர் எதிரான இன்னொரு வகை இருக்கிறது. அதிலே சூதாட்டத்தின் தோற்றமே இராது. பணம் மட்டும் உண்மையானது. மினுமினுக்கும் ஒரு பெட்டி, அல்லது காகித உறையில் சுற்றிய ஒரு கட்டு. காசு கொடுத்துத் திறந்தால் உள்ளே என்ன இருக்கிறதோ அது உங்களுக்கு. நல்ல வீரர் வரலாம், வராமலும் போகலாம். ஜப்பானில் இதற்குக் 'கச்சா' என்று பெயர். காசைப் போட்டுத் திருகினால் உருண்டை டப்பாவில் ஒரு பொம்மை விழுமே, அந்த இயந்திரத்தின் பெயர் அது. அங்கே இன்னொரு படி மேலே போய், இப்படி எடுத்தவற்றில் ஒரு முழுத் தொகுதியைச் சேர்த்தால் பெரிய பரிசு என்றார்கள். விளையாட்டுக்குள் ஒரு குலுக்கல். அந்தக் குலுக்கலுக்குள் இன்னொரு சேகரிப்பு விளையாட்டு. பிள்ளைகள் பெருந்தொகை செலவழிப்பது செய்தியானபோது, ஜப்பானின் நுகர்வோர் விவகார முகவரகம் 2012 மே மாதத்தில் அந்தச் சேகரிப்பு முறை சட்டவிரோதம் என்று அறிவித்தது. காகித அட்டைகளுக்கென்று முன்பே இருந்த பழைய விதியைத்தான் எடுத்து நீட்டினார்கள். ஆனால் தனிக் குலுக்கலைத் தொடவில்லை.

நமது வீடுகளில் சூதாட்டம் ஹராம் என்பதைப் பிள்ளைகளுக்குச் சிறு வயதிலேயே சொல்லிக் கொடுக்கிறோம். லொத்தர்ச் சீட்டைக் கண்டால் பிள்ளைக்குத் தெரியும். சீட்டுக் கட்டோடு காசு வைத்து ஆடுவோரைக் கண்டால் தெரியும். ஆனால் உதைபந்தாட்ட கேமுக்குள் வரும் தங்க நிற உறையைக் கண்டால்? 'வாப்பா, இது கேம்தானே!' என்பான். அவன் சொல்வது முற்றிலும் பிழையென்றும் தள்ளிவிட முடியாது. ஏனென்றால் இதே விடயத்தில் நாடுகளே இரண்டுபட்டு நிற்கின்றன.

உலகப் புகழ்பெற்ற 'பிஃபா' உதைபந்தாட்ட கேமில் அணி ஒன்றை நீங்களே கட்டியெழுப்பும் பகுதி ஒன்று இருந்தது. வீரர்களைப் பெற உறைகளைத் திறக்கலாம். ஆடிச் சேர்த்த நாணயத்தாலும் உறை வாங்க முடிந்தது, உண்மைப் பணத்தாலும் வாங்க முடிந்தது. பெல்ஜியத்தின் சூதாட்ட ஆணைக்குழு 2018 ஏப்ரலில், பிஃபா 18 உட்பட மூன்று கேம்களில் உள்ள இத்தகைய பெட்டிகள் சட்டவிரோதச் சூதாட்டம் என்று சொன்னது. தயாரிப்பாளரான ஈ.ஏ. நிறுவனம் சில மாதங்கள் இழுத்தடித்துவிட்டு, 2019 ஜனவரியோடு அந்நாட்டில் உறை வாங்குவதற்கான புள்ளிகளைப் பணத்துக்கு விற்பதை நிறுத்தியது.

பக்கத்து நாடான நெதர்லாந்தில் கதை வேறு விதமாகத் திரும்பியது. அங்குள்ள சூதாட்ட அதிகார சபை ஈ.ஏ. மீது 1 கோடி யூரோ வரையிலான தண்டம் விதித்தது. அதன் வாதம் இதுதான்: உறையைத் திறப்பது தன்னளவில் ஒரு விளையாட்டு. ஒரு போட்டிகூட ஆடாமல் உறைகளை மட்டும் வாங்கித் திறந்துகொண்டே இருக்கலாம், ஆகவே அது தனியே நிற்கிறது, அதிர்ஷ்டத்தால் முடிவாகிறது, அனுமதிப்பத்திரம் இல்லை. 2020 ஒக்டோபரில் ஹேக் நகர நீதிமன்றம் இதை ஏற்றுக்கொண்டது. நிறுவனம் மேன்முறையீடு செய்தது. 2022 மார்ச் 9ஆம் திகதி நாட்டின் உயர் நிர்வாக நீதிமன்றமான அரச பேரவை தீர்ப்பைப் புரட்டிப் போட்டது. உறைகளைப் பெறுவதும் திறப்பதும் அந்த கேமுக்குள்ளேயே நடக்கின்றன. பெரும்பாலானோர் அவற்றை ஆட்டத்துக்காகவே பாவிக்கிறார்கள். அந்த ஆட்டமோ திறமைக்குரியது. ஆகவே உறை ஒரு தனி விளையாட்டல்ல, பெரிய விளையாட்டின் ஒரு பகுதிதான் என்றது. தண்டம் இரத்தானது.

கவனித்தீர்களா? அதிர்ஷ்டம் இல்லை என்று நீதிமன்றம் சொல்லவில்லை. காசு போகவில்லை என்றும் சொல்லவில்லை. 'இது தனி விளையாட்டா, விளையாட்டுக்குள் விளையாட்டா?' என்ற ஒரு வரையறையில் 1 கோடி யூரோ இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் போனது. இங்கிலாந்தும் 2022 ஜூலையில், இதற்காகச் சூதாட்டச் சட்டத்தைத் திருத்தப் போவதில்லை என்று அறிவித்துவிட்டது. வாசகர்களே, என் சொந்த அபிப்பிராயம் கேட்டால், அந்த நெதர்லாந்து நீதிபதிகள் சட்டத்தைச் சரியாக வாசித்திருக்கலாம். ஆனால் வீட்டிலே உட்கார்ந்திருக்கும் தாய்க்கு அந்த வாசிப்பால் ஒரு பயனும் இல்லை. கிரிக்கெட் திறமையான விளையாட்டு என்பதற்காக நாணயச் சுழற்சி திறமையாகி விடுமா?

ஆகவே மினிகேம் எல்லாவற்றையும் அழித்துவிடச் சொல்லவில்லை. மீன் பிடிப்பதும், படம் சேர்ப்பதும், புதிர் அவிழ்ப்பதும் நல்ல இளைப்பாறல்கள்தான். சில பிள்ளைகள் பெரிய கேமைவிட அவற்றையே விரும்புகிறார்கள். அதட்டாமல் பக்கத்தில் உட்கார்ந்து, 'மகன், இந்த கேமுக்குள் வேறு என்னென்ன கேம் இருக்குது, காட்டுங்க' என்று கேட்டுப் பாருங்கள். ஆர்வத்தோடு காட்டுவார்கள். அவற்றை ஒவ்வொன்றாகப் பிரித்தெடுத்துப் பாருங்கள். இதை ஆடுவதற்குக் கை வேண்டுமா, மூளை வேண்டுமா, அல்லது விரலால் ஒருமுறை தட்டினால் போதுமா? இன்னொரு முறை ஆட என்ன கேட்கிறது: நேரமா, விளம்பரம் பார்ப்பதா, காசா? இலவச கேம்களில் தினமும் ஒருமுறை சுழற்றும் சக்கரம் வைத்திருப்பார்கள். இரண்டாவது சுழற்றலுக்கு ஒரு விளம்பரம், மூன்றாவதற்கு வைரக்கல், வைரக்கல்லுக்குக் காசு என்று படி ஏறும். முதல் படியில் நிற்கும்போதே அது எங்கே ஏறுகிறது என்று பார்த்துக்கொள்ளலாம். தொலைபேசியின் அமைப்புகளில், ஒவ்வொரு கொள்வனவுக்கும் கடவுச்சொல் கேட்கும்படி வைக்க முடியும். அதை இன்றே செய்யுங்கள்.

இன்னுமொன்று. அப்பிள் நிறுவனம் 2017 டிசம்பரிலிருந்தும், கூகுள் 2019இலிருந்தும், காசுக்கு விற்கும் இத்தகைய பெட்டிகளில் எது கிடைக்க எவ்வளவு வாய்ப்பு என்பதை வாங்குமுன் காட்ட வேண்டும் என்று விதித்திருக்கின்றன. குலுக்கல் திரையின் மூலையில் சிறிய கேள்விக்குறியோ, 'விபரம்' என்ற பொத்தானோ இருக்கும். அதைத் தட்டினால் அட்டவணை வரும். பிள்ளை கணக்குப் படிக்கும் வயதென்றால் இருவருமாக உட்கார்ந்து பாருங்கள். அரிய வீரருக்கு எதிரே 1 சதவீதம் என்று போட்டிருக்கும் என்று வைத்துக்கொள்வோம். 'அப்படியென்றால் நூறு தடவை திறந்தால் நிச்சயம் கிடைக்கும்' என்பான் பிள்ளை. பெரியவர்கள் பலரும் அப்படித்தான் எண்ணுகிறார்கள். ஒரு தடவை கிடைக்காமல் போக 100க்கு 99 வாய்ப்பு. கல்குலேட்டரில் 0.99ஐ நூறு தடவை பெருக்கிப் பார்க்கச் சொல்லுங்கள். விடை 0.37 அளவில் வந்து நிற்கும். இத்தனை தடவைக்குள் கட்டாயம் கொடுப்போம் என்ற விதி சில கேம்களில் உண்டு. அந்த விதி இல்லாத கேமில், நூறு பெட்டிகளுக்குக் காசு கொடுத்த நூறு பிள்ளைகளில் ஏறக்குறைய 37 பேருக்கு அந்த வீரர் கிடைக்கவே மாட்டார்.